கடலுக்கு ஒரு தடைக்காலம், நெருப்புக்கும் ஒரு தடைக்காலம்

(குழுக் கூட்டத்தில் ஒருவர் வாசிக்க, மற்றவர்கள் கேட்டுப் பேசுவதற்கான பாடம்)



மீன்பிடித் தடைக்காலம் என்றால் என்ன என்று நம் கரையோரக் குழுக்களில் யாருக்கும் பாடம் நடத்த வேண்டியதில்லை. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகு கடலுக்குப் போகாது. 2001இல் 45 நாளாகத் தொடங்கியது, 2017இல் 61 நாளாக ஆனது. மீன் குஞ்சு பொரிக்கிற காலத்தில் வலையை இழுத்தால் அடுத்த வருஷம் வலையில் ஒன்றும் இருக்காது என்பதுதான் காரணம். ஆரம்பத்தில் எல்லோருக்கும் கஷ்டமாக இருந்தது. இப்போது அது ஊர் வழக்கமாகவே ஆகிவிட்டது.

இதே மாதிரி நெருப்புக்கும் ஒரு தடைக்காலம் தேவை என்பதுதான் இந்தப் பாடம். வீட்டு அடுப்பைப் பற்றி நாம் பேசவில்லை. கண்மாய், கண்மாய்க் கரை, புறம்போக்கு, பனங்காடு, கடற்கரைத் தேரி, சாலையோரம், தீவு என்று யாருக்கும் தனியாகச் சொந்தமில்லாத, ஆனால் நம் எல்லோருக்கும் பிழைப்புக் கொடுக்கிற பொது இடங்களில் வைக்கும் தீயைப் பற்றிப் பேசுகிறோம்.

விறகு அங்கிருந்துதான் வருகிறது. ஆட்டுக்குப் புல் அங்கேதான். ஓலை, மட்டை, நுங்கு, கிழங்கு, கருப்பட்டி எல்லாம் அங்கிருந்துதான். அந்த இடம் எரிந்தால் முதல் நஷ்டம் பெண்களுக்கு. பக்கத்தில் கிடைத்த விறகுக்கு மூன்று மைல் நடக்கப் போவது நாம்தான்.

நம் பகுதியில் தீ எங்கிருந்து வருகிறது?

குழுக்களுக்குப் போகும்போதெல்லாம் இந்தக் கேள்வியைக் கேட்டிருக்கிறோம். "அது தானாப் புடிச்சுக்கிட்டது மேடம்" என்றுதான் முதலில் பதில் வரும். இன்னும் கொஞ்சம் பேசினால் உண்மை ஒவ்வொன்றாக வெளியே வரும்.

1. புது புல் முளைக்கும் என்று காய்ந்த புல்லுக்குத் தீ வைப்பது.
2. வயல் வரப்பையும் தாளையும் கொளுத்தும்போது தீ பக்கத்துப் புறம்போக்குக்குத் தாவுவது.
3. குப்பையைக் கூட்டி ஊர் ஓரத்தில் கொளுத்திவிட்டு வீட்டுக்கு வந்துவிடுவது.
4. எலி பிடிக்கவும் தேன் எடுக்கவும் புகை போடுவது.
5. கரிமூட்டத்திலிருந்து தீ வெளியே வருவது.
6. அணைக்காத பீடி, சிகரெட்.
7. ராமேஸ்வரத்துக்கு வேனிலும் பஸ்ஸிலும் வருகிற யாத்திரிகர்கள் வழியில் மரத்தடியில் மூன்று கல் வைத்துச் சமைத்துவிட்டு, அடுப்பை அப்படியே விட்டுப் போவது.
8. கடற்கரையில் இளவட்டப் பிள்ளைகள் ராத்திரி தீ மூட்டி உட்கார்ந்துவிட்டு எழுந்து போவது.

இந்த எட்டில் ஒன்றுகூடத் தானாகப் பிடிக்கிற தீ இல்லை. எல்லாவற்றுக்கும் பின்னால் ஒரு கை இருக்கிறது. கை வைத்தால் வருகிற தீயை, கை வைக்காமல் இருந்தால் தடுக்கலாம். இது நமக்கு நல்ல செய்திதான்.

ஏன் சில மாதம் மட்டும் ஆபத்து?

அடுப்பு எரிய மூன்று வேண்டும்: விறகு, காற்று, சூடு. ஒன்றைப் பிடுங்கினால் அடுப்பு அணையும். பொது இடத்துத் தீக்கும் இதே கணக்குதான்.

நம் மாவட்டத்துக்குப் பெரிய மழை ஐப்பசி, கார்த்திகையில் வருகிறது. மார்கழி வரை புல் பச்சையாக நிற்கும். தை முடியும்போது மஞ்சளாகும். மாசியில் தொட்டால் பொடியும். அப்போதிருந்து அடுத்த மழை வரை காடு கரை எல்லாம் அடுக்கி வைத்த விறகு மாதிரிதான். பங்குனி, சித்திரையில் வெயிலின் சூடு சேருகிறது. ஆனி, ஆடியில் கச்சான் காற்று சேருகிறது. கச்சான் அடிக்கிற நாளில் மண் எப்படிப் பறக்கும் என்று நமக்குத் தெரியும். மண்ணைத் தூக்குகிற காற்று தீப்பொறியைத் தூக்காதா?

ஆகவே மார்கழியில் வைத்தால் பத்தடியில் அணைந்து போகிற அதே தீ, பங்குனியில் பத்து ஏக்கருக்குப் போகும். வைக்கிற ஆளும் அதே ஆள், தீக்குச்சியும் அதே குச்சி. காலம்தான் வேறு. இதனால்தான் தடைக்காலம் என்கிறோம்.

மாசி முதல் தேதியிலிருந்து நல்ல மழை விழும் வரை பொது இடத்தில் தீ இல்லை என்பது நம் பகுதிக்குப் பொருத்தமான கணக்கு. வெளிநாட்டிலும் இப்படித்தான் செய்கிறார்கள். ஆஸ்திரேலியாவில் வெயிலும் காற்றும் கடுமையாக இருக்கிற நாளை முழுத் தீத்தடை நாள் என்று அறிவிக்கிறார்கள். அன்று திறந்த வெளியில் விறகு அடுப்பு மூட்டக்கூடக் கூடாது. அமெரிக்காவில் அரசுக் காடுகளில் கோடை வந்ததும் முகாம் போடுகிறவர்கள் தீ மூட்டத் தடை வரும்.

குரங்கணி சொல்லும் பாடம்

நம் தமிழ்நாட்டிலும் ஒரு பெரிய அடி விழுந்த பிறகுதான் இது எல்லோருக்கும் உறைத்தது. 2018ஆம் ஆண்டு மார்ச் 11, ஞாயிற்றுக்கிழமை. தேனி மாவட்டம் போடிநாயக்கனூர் பக்கம் குரங்கணி மலை. சென்னையிலிருந்தும் ஈரோடு, திருப்பூர்ப் பக்கமிருந்தும் மலையேற வந்தவர்கள் கொழுக்குமலையிலிருந்து இறங்கிக்கொண்டிருந்தார்கள். அவர்களில் பெண்கள் அதிகம். சென்னையிலிருந்து வந்தவர்கள் மகளிர் தினத்தை ஒட்டி வந்தவர்கள்.

மலைச் சரிவில் ஆள் உயரத்துக்குக் காய்ந்த புல். தீ வந்தது, கூடவே காற்றும் வந்தது. எந்தப் பக்கம் ஓடுவது என்று தெரியாமல் சிதறி ஓடினார்கள். 20 பேருக்கு மேல் இறந்துபோனார்கள். சிலர் அங்கேயே, மற்றவர்கள் ஆஸ்பத்திரியில் நாள் கணக்கில் கிடந்து. படித்தவர்கள், வேலையில் இருந்தவர்கள், திடகாத்திரமான இளம் வயதுக்காரர்கள். புல் தீக்கு முன்னால் அது எதுவும் கை கொடுக்கவில்லை.

"புல்லுத் தீதானே, கொப்பை ஒடிச்சு அடிச்சா அணைஞ்சிடும்" என்று நாம் சுலபமாகச் சொல்கிறோம். காற்று சேர்ந்த புல் தீ, ஓடுகிற மனுஷியை விட வேகமாக வரும். மேட்டுப் பக்கம் ஏறும்போது இன்னும் வேகம்.

அதற்குப் பிறகு மலையேற்றத்துக்கு அரசு விதிமுறை கொண்டுவந்தது. தீப் பருவத்தில் மலைப் பாதைகளை மூடுகிறார்கள். 2025இல் பிப்ரவரி 15 முதல் ஏப்ரல் 15 வரை வனத்துறையின் மலையேற்றப் பாதைகள் மூடப்பட்டன. கோடைக்கு முன்பே காட்டில் நீளமாகப் புல்லைச் செதுக்கித் தீத்தடுப்புக் கோடு போடுவதும், தீக் காவலர் வைப்பதும் வனத்துறையின் வழக்கம். நமக்கு மலை இல்லை. ஆனால் அவர்கள் செய்வதில் இரண்டு விஷயம் நமக்கும் ஆகும்: காலத்தை மூடுவது, கோடு போடுவது.

ஒரு பனை எரிந்தால் என்ன கணக்கு?

சாயல்குடி, கடலாடிப் பக்கத்துச் சகோதரிகளுக்கு இதை விளக்க வேண்டாம். மற்றவர்களும் தெரிந்துகொள்ள எழுதுகிறோம்.

பனையில் காய்ந்த காவோலை அடிமரத்தை ஒட்டித் தொங்கிக்கொண்டிருக்கும். கீழே புல்லில் ஓடுகிற தீ அந்த ஓலையைப் பிடித்தால், ஏணியில் ஏறுவது போல நேரே தலைக்குப் போய்விடும். எரிகிற ஓலை காற்றில் பறந்து அடுத்த மரத்தில் விழும், கூரையிலும் விழும். பனைக்கு உயிர் தலைக் குருத்தில்தான் இருக்கிறது. ஓலையெல்லாம் கருகினாலும் குருத்து தப்பினால் மரம் மறுபடி ஓலை விடும். குருத்து வெந்துவிட்டால் மரம் போச்சு. வேம்பு, புளி மாதிரி பக்கத்தில் கிளை விட்டுப் பிழைக்கிற மரம் இல்லை அது.

புதிதாகக் கொட்டை போட்டு ஒரு பனை பாளை விட 15 வருஷமாவது ஆகும். அதாவது இன்று நம் இடுப்பில் இருக்கிற பிள்ளை பத்தாம் வகுப்பு எழுதும்போதுதான் அந்த மரத்தில் பதநீர். அரை மணி நேரத் தீக்கு 15 வருஷ வட்டி. எந்தக் கந்துவட்டியும் இவ்வளவு இல்லை. பனையை வெட்ட மாவட்ட ஆட்சியர் அனுமதி வேண்டும் என்று 2021இல் தமிழக அரசின் முதல் வேளாண் நிதிநிலை அறிக்கையில் அறிவித்தார்கள். அரிவாளுக்குக் கணக்குக் கேட்கும் நாம் தீக்குச்சிக்கும் கேட்க வேண்டும்.

செய்யக்கூடியது இதுதான். மாசிக்கு முன்பே பனையடியில் கிடக்கும் ஓலை, மட்டை, பன்னாடையைப் பொறுக்கி வீட்டுக்குக் கொண்டுவந்துவிடுங்கள். நமக்கு எரிபொருள், மரத்துக்குப் பாதுகாப்பு. தொங்கும் காவோலையையும் மரம் ஏறுபவரிடம் சொல்லிக் கழித்துவிடச் சொல்லுங்கள்.

சொல்கிறார்கள், ஆனால் சரியா?

"தீ வச்சாத்தான் புல்லு நல்லா வரும்."
மண்ணில் ஈரம் இருந்தால்தான் புது புல் வரும். மாசியில் கொளுத்திவிட்டு ஐப்பசி வரை மழையை எதிர்பார்த்தால், நடுவில் எட்டு மாதம் ஆடு எதைத் தின்னும்? காய்ந்த புல் சத்துக் குறைவுதான், ஆனால் வயிற்றுக்கு ஆகும். சாம்பல் ஆகாது. கண்மாய்க் கரையில் புல் வேர்தான் மண்ணைப் பிடித்து வைத்திருக்கிறது. மொட்டையாக்கிவிட்டால் முதல் மழையில் கரை மண் கண்மாய்க்குள் போகும்.

"சீமைக் கருவேலத்தை ஒழிக்கத் தீ வைக்கிறோம்."
மேலே எரியும், அடிக்கட்டை சாகாது. கொஞ்ச நாளில் முன்னைவிட நெருக்கமாகத் துளிர்க்கும். வேரோடு பிடுங்கினால்தான் கருவேல் போகும். தீயால் சாவது நடுவில் இருக்கிற வேம்புக் கன்று, பனங்கன்று, உடை மரம்தான்.

"புகை அடங்கிருச்சு, தீ அணைஞ்சிருச்சு."
இதுதான் எல்லாவற்றையும் விடப் பெரிய ஏமாற்று. இதைத் தனியாகப் பார்ப்போம்.

அணைப்பது என்றால் என்ன?

மூன்று கல் அடுப்பில் சமையல் முடிந்ததும் இரண்டு கை மண்ணை அள்ளிப் போட்டுவிட்டுப் போகிறவர்கள் அதிகம். நாம் கேட்பது ஒன்றுதான். மண்ணைப் போட்டு மூடினால் தீ அணையும் என்றால், கரிமூட்டம் எப்படி நாள் கணக்கில் எரிகிறது? விறகை அடுக்கி, தழை போட்டு, மண் பூசி மூடித்தானே கரி எடுக்கிறோம்? மண்ணுக்கு அடியில் தீ சாவதில்லை, தூங்குகிறது. காற்று மண்ணை விலக்கினால் எழுந்துவிடும். கடற்கரையில் மணல் மூடிய தீயின் மேல் பிள்ளைகள் கால் வைத்தால் வெந்துபோகும்.

முறையாக அணைக்க:
- கட்டையையும் கங்கையும் கலைத்துப் பரப்புங்கள்.
- தண்ணீர் ஊற்றுங்கள். குடிதண்ணீர் வேண்டாம். அரிசி களைந்த தண்ணீர், பாத்திரம் கழுவிய தண்ணீர், கடல் தண்ணீர் எதுவானாலும் சரி.
- குச்சியால் கிளறி மறுபடி ஊற்றுங்கள். 'சுர்' என்று சத்தம் வரும் வரை உள்ளே கங்கு இருக்கிறது என்று அர்த்தம்.
- கடைசியில் புறங்கையைச் சாம்பலுக்குப் பக்கத்தில் கொண்டுபோய்ப் பாருங்கள். சூடு தெரிந்தால் இன்னும் முடியவில்லை.
- நன்றாகக் குளிர்ந்த பிறகுதான் அந்த இடத்தை விட்டுப் போக வேண்டும்.

நெருப்பை மூட்டியவரே அணைக்க வேண்டும். "பின்னாடி வர்றவங்க பாத்துக்குவாங்க" என்ற பேச்சு கூடாது.

தீயை வைத்துப் பிழைக்கிறவர்களுக்கு

கரிமூட்டத்திலும் பதநீர் காய்ச்சும் விடிலியிலும் வேலை செய்யும் நம் உறுப்பினர்கள் நிறையப் பேர். "தடைக்காலம்னு சொல்லி எங்க வயித்துல அடிக்காதீங்க" என்று அவர்கள் கேட்பது நியாயம். பதநீர் இறங்குவதே கோடையில்தான். ஆகவே தொழில் தீக்கு ஒட்டுமொத்தத் தடை சொல்லவில்லை. ஒழுங்கு கேட்கிறோம்.

கரிமூட்டத்துக்கு: மூட்டத்தைச் சுற்றி ஒன்பது பத்து அடி அகலத்துக்குப் புல்லைச் செதுக்கி வெறும் மண்ணாக வையுங்கள். மண் பூச்சில் வெடிப்பு விழுந்தால் உடனே அடையுங்கள். எரியும் நாள் முழுக்க ராத்திரியும் ஆள் இருக்க வேண்டும். கச்சான் பலமாக அடிக்கும் நாளில் மூட்டத்தைப் பிரிக்காதீர்கள். பிரித்த கரியை ஒரு நாளாவது பரப்பி ஆறப்போட்ட பிறகே மூட்டையில் கட்டுங்கள். ஆறின மாதிரி தெரிகிற கரி மூட்டைக்குள் மறுபடி கனிந்து லாரியோடு எரியக்கூடும்.

விடிலிக்கு: அடுப்பு வாயைக் காற்று வரும் திசைக்கு எதிரே வைக்காதீர்கள். ஓலைக் கூரைக்கும் அடுப்புக்கும் இடைவெளி வையுங்கள். பக்கத்தில் இரண்டு குடம் தண்ணீரும் ஒரு ஈரச் சாக்கும் எப்போதும் இருக்கட்டும். விறகு அடுக்கு அடுப்பை ஒட்டி இருக்கக் கூடாது. பிள்ளையைத் தொட்டில் கட்டுவது கூரைக்கு வெளியே மர நிழலில் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

வேலைக்குப் போகும்போது நைலான், பாலியஸ்டர் சேலையும் நைட்டியும் வேண்டாம். அது தீப்பட்டால் உருகித் தோலில் ஒட்டும். பழைய நூல் சேலையே நல்லது. முந்தானையை இடுப்பில் செருகிக்கொள்ளுங்கள்.

சட்டம் என்ன சொல்கிறது?

1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் 30ஆவது பிரிவு, சரணாலயத்துக்கு ஆபத்து வரும்படி அதில் தீ வைப்பதையும், தீ மூட்டுவதையும், எரியும் தீயை அப்படியே விட்டுப் போவதையும் தடை செய்கிறது. தேசியப் பூங்காவுக்கும் இது பொருந்தும். காப்புக்காட்டில் தீ மூட்டுவதை 1882ஆம் ஆண்டின் தமிழ்நாடு வனச் சட்டமும் குற்றம் என்கிறது.

"நம்ம ஊருல சரணாலயம் ஏது?" என்று கேட்கலாம். சித்திரங்குடி, காஞ்சிரங்குளம், மேலச்செல்வனூர்–கீழச்செல்வனூர், தேர்த்தங்கல், சக்கரக்கோட்டை எல்லாம் நம் மாவட்டத்துக் கண்மாய்கள், அவையே பறவைகள் சரணாலயங்கள். சித்திரங்குடியும் காஞ்சிரங்குளமும் 2022இல், சக்கரக்கோட்டையும் தேர்த்தங்கலும் 2025இல் உலக அளவில் முக்கியமான ஈரநிலங்களின் ராம்சார் பட்டியலில் சேர்ந்தன. பறவைகள் கூடு கட்டுவது கண்மாய்க்குள் நிற்கும் மரங்களில். தண்ணீர் வற்றி, பறவை போன பிறகு அந்த மரங்களை எரித்துவிட்டால் அடுத்த வருஷம் அவை எங்கே வந்து இறங்கும்?

ராமேஸ்வரம் முதல் தூத்துக்குடி வரை உள்ள 21 தீவுகளும் 1986இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டவை. அதில் இரண்டு தீவு கடலில் மூழ்கிவிட்டது. மீதித் தீவுகளின் மண்ணைப் பிடித்து வைத்திருப்பது அங்குள்ள செடியும் மரமும்தான். "அந்தக் காலத்துல தீவுல இறங்கிக் கஞ்சி காய்ச்சிக் குடிச்சுட்டுத்தான் பாசி எடுப்போம்" என்று வயதான அக்காமார் சொல்வதைக் கேட்டிருக்கிறோம். இப்போது அனுமதி இல்லாமல் இறங்குவதே குற்றம், தீ மூட்டுவது அதைவிடப் பெரிய குற்றம்.

மற்ற இடங்களுக்கும் சட்டம் உண்டு. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 287ஆவது பிரிவின்படி, பிறர் உயிருக்கு ஆபத்து வரும்படி தீயை அலட்சியமாகக் கையாண்டால் 6 மாதம் வரை சிறை, அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும்.

தீ பிடித்துவிட்டால்

- முதலில் 101க்குப் போன். யாருக்காவது காயம் என்றால் 108. ஊர்ப் பெயரோடு, எந்தக் கண்மாய், எந்தக் கோவில் பக்கம், வண்டி வர எந்தப் பாதை என்று சொல்லுங்கள். பிறகு ஊராட்சித் தலைவர், கிராம நிர்வாக அலுவலர்.
- தீயணைப்பு வண்டி தூரத்திலிருந்து வர நேரமாகும். அதுவரை சின்னத் தீயை மட்டும் அணைக்கலாம். இடுப்புக்கு மேல் எழும்பிய தீக்குப் பக்கத்தில் போகாதீர்கள்.
- காற்று முதுகுப் பக்கம் இருக்கும்படி நின்று, பச்சைக் கொப்பாலோ ஈரச் சாக்காலோ ஓரத்திலிருந்து அமுக்குங்கள். வீசி அடித்தால் பொறி பறக்கும்.
- தீ துரத்தினால் அது போகும் திசையிலேயே ஓடாதீர்கள். பக்கவாட்டில் விலகி வெட்ட வெளி, உழுத நிலம், ரோடு, ஏற்கெனவே எரிந்து முடிந்த இடம், தண்ணீர் இவற்றுக்குப் போங்கள். மேட்டில் ஏறாதீர்கள்.
- ஆட்டைக் காப்பாற்ற உள்ளே போகாதீர்கள். ஆட்டுக்குக் கடன் வாங்கலாம், ஆத்தாளுக்கு எங்கே வாங்குவது?
- சேலையில் தீப்பட்டால் ஓடக் கூடாது. தரையில் படுத்து உருள வேண்டும். தீப்புண்ணில் 20 நிமிடம் சாதாரணத் தண்ணீரை மெதுவாக ஊற்றுங்கள். பேனா மை, பற்பசை, எண்ணெய், மாவு எதுவும் பூசாதீர்கள். சுத்தமான துணியால் லேசாக மூடி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள்.

ஓலை வீட்டில் இருக்கும் உறுப்பினர்களுக்கு இன்னும் ஒன்று. ரேஷன் கார்டு, ஆதார், பட்டா, குழுவின் தீர்மானப் புத்தகம், பாஸ்புக் எல்லாவற்றையும் ஒரே தகரப் பெட்டியில் வைத்து, அது எங்கே இருக்கிறது என்று வீட்டில் எல்லோருக்கும் சொல்லி வையுங்கள். முடிந்தால் நகல் எடுத்து வேறொரு வீட்டில் வையுங்கள்.

யார் சொல்வது? எப்படிச் சொல்வது?

சிக்கல் இங்கேதான். தீ வைக்கிறவர் யாரோ வெளியாள் என்றால் சுலபம். பெரும்பாலும் அவர் நம் கொழுந்தனாரோ சின்ன மாமனாரோதான். "பொம்பளைக்கு என்ன தெரியும், நான் பொறந்ததுலேருந்து வச்சிக்கிட்டிருக்கேன்" என்று ஒரு வார்த்தையில் வாயை அடைத்துவிடுவார். ஒரு பெண் தனியாகச் சொன்னால் அது வீட்டுச் சண்டை. பன்னிரண்டு பெண்கள் தீர்மானம் போட்டுச் சொன்னால் அது குழுவின் முடிவு. கிராம சபையில் சொன்னால் ஊர் முடிவு. சாராயத்துக்கு எதிராக நாம் இப்படித்தான் பேசக் கற்றுக்கொண்டோம்.

ஊர் தானே கட்டுப்பாடு வைத்தால் நிற்கும் என்பதற்குப் பக்கத்திலேயே உதாரணம் இருக்கிறது. சிவகங்கை மாவட்டம் வேட்டங்குடிப் பறவைகள் சரணாலயத்தை ஒட்டிய கொள்ளுக்குடிப்பட்டி ஊரில் பறவைகள் பயந்துவிடும் என்று தீபாவளிக்கு வெடி வெடிப்பதில்லை. பல தலைமுறைப் பிள்ளைகள் இதைக் காத்து வருகிறார்கள். போலீஸ் நின்று காவல் காக்கவில்லை. நம் பாம்பன் சின்னப்பாலத்துப் பாசி எடுக்கும் பெண்களும் தாங்களே பேசி முடிவெடுத்து, மாதத்தில் சில நாட்கள் மட்டுமே பாசி எடுப்பது என்று வைத்துக்கொண்டார்கள். அவர்களின் தலைவி லட்சுமி மூர்த்திக்கு 2015இல் சீகாலஜி என்ற சர்வதேச விருது கிடைத்தது. நம்மைப் போன்ற பெண்கள்தான் அவர்களும்.

கிராம சபை மார்ச் 22, மே 1 ஆகிய நாட்களில் கூடும். இரண்டும் நெருப்புத் தடைக்காலத்துக்குள் வருகின்றன. மனுவைக் கையில் எழுதிக்கொண்டே போங்கள்.

குழுத் தீர்மான மாதிரி

"நமது ஊர்க் கண்மாய், கரை, புறம்போக்கு, பனங்காடு ஆகிய பொது இடங்களில் மாசி முதல் தேதியிலிருந்து நல்ல மழை பெய்யும் வரை தீ வைப்பதில்லை என்று முடிவு செய்யப்பட்டது. நம் வீடுகளில் உள்ளவர்களிடமும் இதைச் சொல்வது நம் பொறுப்பு. தை மாதத்தில் ஒரு நாள் எல்லோரும் சேர்ந்து கண்மாய்க்கரை ஓரமும் குடியிருப்பு ஓரமும் பத்தடி அகலத்துக்குப் புல் செதுக்குவது. கரிமூட்டமும் விடிலியும் வைத்திருப்போர் முன்கூட்டியே குழுவுக்குத் தெரிவித்து, காவல் ஆள் யார் என்று சொல்வது. வெளியூர் ஆட்கள் சமைக்கும் இடத்தில் தண்ணீர் ஊற்றி அணைக்கச் சொல்வது. தீத் தகவல் சொல்லும் பொறுப்பு: .............. , .............. இதை வரும் கிராம சபையில் ஊர்த் தீர்மானமாகக் கொண்டுவர மனு கொடுப்பது."

குழுவில் பேச வேண்டிய கேள்விகள்

1. போன கோடையில் நம் ஊரில் எங்கெங்கே எரிந்தது? எது தொடங்கி வைத்தது?
2. அந்தத் தீயால் யாருக்கு எவ்வளவு நஷ்டம்? விறகு, புல், மரம், வீடு என்று தனித்தனியாக எழுதுங்கள்.
3. தீ வைக்கிறவருக்கு உண்மையில் என்ன தேவை இருக்கிறது? புல்லா, சுத்தமா, எலியா? அதற்கு வேறு வழி என்ன?
4. கண்மாய்ப் பக்கம் தீ வந்தால் வண்டி உள்ளே வரப் பாதை இருக்கிறதா?
5. குழுவில் யாரிடம் எந்நேரமும் சார்ஜ் உள்ள போன் இருக்கிறது?

மூன்றாவது கேள்வியில் நேரம் எடுத்துக்கொள்ளுங்கள். ஆட்டுக்காரரைத் திட்டி அனுப்பிவிட்டால் அவர் ராத்திரியில் வந்து வைப்பார். அவரையும் கூட்டத்துக்குக் கூப்பிட்டு, எந்தப் பகுதிப் புல்லை மேய விடுவது, எந்தப் பகுதியை அறுத்துக் கட்டி வைப்பது என்று சேர்ந்து பேசினால் தீக்குச்சிக்கு வேலை இருக்காது.

ஊக்குநர்கள் இந்தப் பாடத்தை வாசித்த தேதியையும், போட்ட தீர்மானத்தையும் அடுத்த கூட்டமைப்புக் கூட்டத்துக்குக் கொண்டுவர வேண்டும். மழை பிறந்ததும் ஐப்பசிக் கூட்டத்தில் ஒவ்வொரு குழுவும் இரண்டே விஷயம் சொன்னால் போதும்: எத்தனை தீ வந்தது, எத்தனை பனை நிற்கிறது.